நகர்வுகளைப் போல வாழ்க்கைகளையும் எழுதி வையுங்கள்: ஃபிடேவுக்கு ஒரு திறந்த மடல்

உலகச் சதுரங்கக் கூட்டமைப்பான ஃபிடேவின் தலைவருக்கும் பொறுப்பாளர்களுக்கும்,

வணக்கம்.

2024 பிப்ரவரியில் சுல்தான் கானுக்கு மதிப்புறு கிராண்ட்மாஸ்டர் பட்டம் கொடுத்தீர்கள். மனம் நிறைந்த நன்றி. ஆனால் அவர் 1966இலேயே இறந்துவிட்டார். பட்டம் கிடைத்த செய்தியைக் கேட்க அவரோடு ஆடியவர்களில்கூட யாரும் மிச்சமில்லை. அந்த அறிவிப்பைப் படித்த நாளிலிருந்து உங்களிடம் ஒன்று கேட்க வேண்டும் என்று நினைத்திருந்தேன். அதற்காகத்தான் இந்த மடல்.

முதலில் சுல்தான் கானையே எடுத்துக்கொள்வோம். பஞ்சாபில் பிறந்து, இந்திய முறைச் சதுரங்கத்தில் வளர்ந்தவர். அந்த முறையில் சிப்பாய் முதல் நகர்வில் இரண்டு கட்டம் தாண்டாது. சர் உமர் ஹயாத் கான் என்ற பெரிய நிலக்கிழார் அவரை 1929இல் லண்டனுக்கு அழைத்துப் போனார். போன அதே ஆண்டில் பிரிட்டன் சாம்பியன் ஆனார். 1932இலும் 1933இலும் மறுபடியும் வென்றார். 1930ஆம் ஆண்டு முடியும் தறுவாயில் தொடங்கிய ஹேஸ்டிங்ஸ் போட்டியில் முன்னாள் உலக சாம்பியன் காப்பாபிளாங்காவைத் தோற்கடித்தார். அந்தக் காலத்தில் காப்பாபிளாங்காவை வெல்வது என்றால் சும்மா இல்லை. 1916இலிருந்து 1924 வரை எட்டு ஆண்டுகள் ஒரு ஆட்டம்கூடத் தோற்காத மனிதர் அவர். அப்படிப்பட்டவரைக் கொஞ்சம் கொஞ்சமாக நெருக்கி, நீண்ட ஆட்டத்தில் மூச்சு முட்ட வைத்தார் சுல்தான் கான். அந்த ஆட்டத்தின் ஒவ்வொரு நகர்வும் இன்று நம் கையில் இருக்கிறது. யார் வேண்டுமானாலும் பலகையில் வைத்து ஆடிப் பார்க்கலாம்.

அப்புறம்? 1933 முடிவில் அவர் ஊர் திரும்பினார். சர்வதேசப் போட்டிகளில் பிறகு தலைகாட்டவே இல்லை. அவர் பிறந்த ஆண்டு 1903 என்று சிலர் எழுதுகிறார்கள், 1905 என்று சிலர். வேலைக்காரர், எழுதப் படிக்கத் தெரியாதவர் என்று பல பத்தாண்டுகளாகப் புத்தகங்கள் ஒன்றைப் பார்த்து ஒன்று எழுதிவந்தன. அவருடைய குடும்பத்தினர் அதை மறுத்திருக்கிறார்கள். எது உண்மை என்று அவரிடமே கேட்டிருக்கலாம். ஐரோப்பாவை விட்டுப் போன பிறகு முப்பது ஆண்டுகளுக்கும் மேல் அவர் உயிரோடுதான் இருந்தார். சதுரங்க உலகம் போய்க் கேட்கவில்லை.

1950இல் நீங்கள் கிராண்ட்மாஸ்டர் பட்டத்தை முறைப்படி தொடங்கியபோது 27 பேருக்குக் கொடுத்தீர்கள். அவர்களில் அகிபா ரூபின்ஸ்டைனும் ஒருவர். 1930களின் தொடக்கத்திலேயே ஆட்டத்தை விட்டுவிட்டவர் அவர். பழைய சாதனையை மதித்து அவருக்குக் கொடுத்தது மிகச் சரி. அதே அளவுகோலை வைத்திருந்தால் சுல்தான் கானுக்கும் அன்றே கிடைத்திருக்க வேண்டும். அவரை நினைவில் வைத்திருக்க யாரும் இல்லை என்பதைத் தவிர வேறு காரணம் எனக்குத் தெரியவில்லை.

அதே உமர் ஹயாத் கானின் வீட்டிலிருந்து இன்னொருவரும் வந்தார். பெயர் ஃபாத்திமா. 1933இல் பிரிட்டன் பெண்கள் சாம்பியன் பட்டத்தை வென்றார். ஒரே ஆண்டில், ஒரே வீட்டிலிருந்து வந்த இரண்டு பேர் பிரிட்டனின் இரண்டு பட்டங்களையும் எடுத்துப் போனார்கள்! சுல்தான் கானைப் பற்றியாவது புத்தகம் எழுத ஆள் கிடைத்தார்கள். ஃபாத்திமாவைப் பற்றி ஒரு பத்தி எழுதவே திண்டாட வேண்டியிருக்கிறது.

நான் கேட்பது இதுதான். உங்கள் விதிப்புத்தகத்தில் ஒரு கட்டளை இருக்கிறது: போட்டியில் ஆடுகிறவர் தன் நகர்வையும் எதிராளியின் நகர்வையும் தாளில் எழுதியே ஆக வேண்டும். விரைவு ஆட்டங்களுக்கு விலக்கு உண்டு. இந்தப் பழக்கத்தால்தான் பழைய ஆட்டங்கள் நமக்குக் கிடைத்திருக்கின்றன. இதே கண்டிப்போடு வீரர்களின் வாழ்க்கையையும் பதிவு செய்யுங்கள். ஒரு வீரருக்கான உங்கள் பக்கத்தைத் திறந்தால் பெயர், நாடு, பிறந்த ஆண்டு, பட்டம், மூன்று வகை ரேட்டிங் எல்லாம் வருகிறது. அவர் யார், எங்கிருந்து வந்தார், எதை இழந்து இங்கே வந்து சேர்ந்தார் என்பதற்கு அங்கே இடமில்லை. மூத்த வீரர்கள் உயிரோடு இருக்கும்போதே அவர்கள் வாயாலேயே சொல்லக் கேட்டுப் பதிவு செய்ய வேண்டும். எல்லோரும் படிக்க, கேட்கத் திறந்து வைக்க வேண்டும்.

இதைச் செய்யாமல் விட்டால் என்ன ஆகும் என்பதற்கு நிறைய உதாரணங்கள் இருக்கின்றன.

பால் மார்ஃபி 21 வயதில், 1858இல், பாரிஸில் ஜெர்மனியின் பெரிய வீரர் அண்டர்சனை வென்றார். அன்றைக்கு அவருக்கு நிகர் யாரும் இல்லை. சீக்கிரமே ஆட்டத்தை விட்டு விலகி, 47 வயதில் நியூ ஆர்லியன்ஸில் இறந்தார். கடைசிக் காலத்தில் அவர் மனம் கலங்கியிருந்தது உண்மை. ஆனால் அதைச் சுற்றி எத்தனை கட்டுக்கதைகள்! பெண்களின் காலணிகளை வட்டமாக அடுக்கி வைத்து அதன் நடுவே செத்துக் கிடந்தார் என்றுகூட எழுதினார்கள். வில்ஹெல்ம் ஸ்டைனிட்ஸ் முதல் அதிகாரபூர்வ உலக சாம்பியன். இன்று நாம் ஆடும் நிலைச் சதுரங்கத்தின் அடிப்படைகளை வகுத்துத் தந்தவர். 1900இல் நியூயார்க்கில் ஒரு மனநல மருத்துவமனையில், கையில் காசில்லாமல் இறந்தார். அவர் கடவுளோடு சதுரங்கம் ஆடினார், அதுவும் ஒரு சிப்பாயை விட்டுக்கொடுத்து ஆடினார் என்ற கதையை எத்தனையோ பேர் சிரித்துக்கொண்டே சொல்லக் கேட்டிருக்கிறேன். நம்பத்தகுந்த ஆதாரம் இல்லாத கதை. ரூபின்ஸ்டைன் 1912 என்ற ஒரே ஆண்டில் ஐந்து பெரிய போட்டிகளை வென்றவர். அன்றைய உலக சாம்பியன் லாஸ்கரோடு அவர் ஆடவிருந்த உலக சாம்பியன் ஆட்டத்தை முதல் உலகப் போர் விழுங்கிவிட்டது. அவர் பெயரைச் சொன்னால் சிலருக்கு நினைவுக்கு வருவது இல்லாத ஈயை விரட்டினார் என்ற செய்திதான்.

நோயைக் கேலிக்கதையாக மாற்றியவர்கள் எல்லோரும் கெட்டவர்கள் என்று சொல்ல வரவில்லை. சம்பந்தப்பட்டவரின் குரல் பதிவாகாமல் போனால் அந்த வெற்றிடத்தில் வதந்திதான் வந்து உட்காரும். இதற்கு நேர் மாறான ஒன்று நம் காலத்தில் நடந்தது. டிங் லிரென் 2023 ஏப்ரலில் அஸ்தானாவில் உலக சாம்பியன் ஆனார். சீனாவின் முதல் ஆண் உலக சாம்பியன். அதன் பிறகு தன் மனச்சோர்வையும் தூக்கமின்மையையும் பற்றி அவரே வெளிப்படையாகப் பேசினார். 2024 டிசம்பர் 12 அன்று சிங்கப்பூரில் குகேஷிடம் பதினான்காவது ஆட்டத்தில், சமநிலையில் முடிந்திருக்க வேண்டிய இடத்தில், யானையைத் தவறான கட்டத்துக்கு நகர்த்திப் பட்டத்தை இழந்தார். 18 வயதில் குகேஷ் உலக சாம்பியன் ஆனது மகத்தான செய்தி, அதில் மாற்றுக் கருத்தே இல்லை. ஆனால் எதிரே உட்கார்ந்திருந்தவர் எந்த நிலையிலிருந்து எழுந்து வந்து அந்தப் பதினான்கு ஆட்டங்களையும் ஆடினார் என்பது தெரியும்போது அந்த ஆட்டங்கள் வேறு மாதிரித் தெரிகின்றன. அவர் தானே சொன்னதால்தான் தெரியும். சொல்லாமல் இருந்திருந்தால் ஐம்பது ஆண்டு கழித்து அவரைப் பற்றியும் ஏதாவது ஒரு ஈக் கதை கட்டியிருப்பார்கள்.

பெண்களின் வாழ்க்கைப் பதிவில் நிலைமை இன்னும் மோசம். இதில் உங்களுக்கு நேரடிப் பொறுப்பு இருக்கிறது. 1927இல் லண்டனில் முதல் ஒலிம்பியாடோடு சேர்த்து முதல் பெண்கள் உலக சாம்பியன்ஷிப்பையும் நடத்தியவர்கள் நீங்கள். மாஸ்கோவில் பிறந்த வேரா மென்சிக் அதில் வென்றார். பிறகு அவர் உயிரோடு இருந்தவரை நடந்த ஒவ்வொரு முறையும் அவரேதான் வென்றார். 1929இல் கார்ல்ஸ்பாடில் அவர் ஆண்களோடு ஆட வந்தபோது, இவரிடம் தோற்பவர்களை எல்லாம் சேர்த்து ஒரு மன்றம் தொடங்கலாம் என்று ஆல்பர்ட் பெக்கர் என்ற வீரர் கிண்டல் செய்தார். பெக்கர்தான் முதலில் தோற்றார். பின்னாளில் உலக சாம்பியனான மாக்ஸ் ஊவேயும் அவரிடம் தோற்றிருக்கிறார், சுல்தான் கானும் தோற்றிருக்கிறார். 1944 ஜூனில் லண்டனில் அவர் வீட்டின் மீது ஜெர்மனியின் பறக்கும் குண்டு விழுந்தது. வேரா, அவர் தங்கை, தாய் மூவரும் ஒன்றாக இறந்தார்கள். அப்போது அவருக்கு 38 வயது. உலக சாம்பியனாகவே இறந்தார். பெண்கள் ஒலிம்பியாட் கோப்பைக்கு அவர் பெயரை வைத்திருக்கிறீர்கள். கோப்பையைத் தூக்கும் இளம்பெண்களில் எத்தனை பேருக்கு அந்தப் பெயருக்குப் பின்னால் இருந்தவரைத் தெரியும்? வேரா தன்னைப் பற்றி என்ன நினைத்தார், அந்தக் கிண்டல்களை எப்படித் தாங்கினார் என்று அவரிடம் நீளமாகக் கேட்டு எழுதியவர்கள் இல்லையே என்று எனக்கு இன்றும் ஆற்றாமையாக இருக்கிறது.

வேராவுக்குப் பிறகு காலியாக இருந்த பட்டத்தை 1950இல் வென்றவர் லுட்மிலா ருடென்கோ. போரின்போது, முற்றுகையில் சிக்கிய லெனின்கிராடிலிருந்து குழந்தைகளை ரயிலில் வெளியே அனுப்பும் வேலையை அவர் ஏற்பாடு செய்தார். தன் வாழ்க்கையில் செய்த மிக முக்கியமான காரியம் அதுதான் என்று அவரே சொல்லியிருக்கிறார். உலக சாம்பியன் பட்டத்தைவிட! சாதனைப் பட்டியலில் இதை எந்த வரிசையில் எழுதுவீர்கள்? போர் சூழ்ந்த அதே லெனின்கிராடை விட்டு ரயிலில் போன ஒரு சின்னப் பையன் அந்தப் பயணத்தில்தான் சதுரங்கம் கற்றான். அவன் பெயர் போரிஸ் ஸ்பாஸ்கி. 1969இல் உலக சாம்பியன் ஆனான். 1972இல் ரெய்க்யாவிக்கில் ஆறாவது ஆட்டத்தில் தன்னை வென்ற அமெரிக்க வீரர் ஃபிஷருக்கு, அரங்கத்தோடு சேர்ந்து அவரும் கைதட்டினார். 2025 பிப்ரவரியில் அவரும் போய்விட்டார்.

ஜார்ஜியாவின் நோனா கப்ரின்தாஷ்விலிக்கு நேர்ந்ததை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். 1962 முதல் 1978 வரை பெண்கள் உலக சாம்பியன். 1977இல் லோன் பைன் போட்டியில் ஆண் கிராண்ட்மாஸ்டர்கள் நிறைந்த களத்தில் முதலிடத்தைப் பகிர்ந்துகொண்டார். 1978இல் கிராண்ட்மாஸ்டர் பட்டம் பெற்ற முதல் பெண் ஆனார். அந்தப் பட்டத்தைக் கொடுத்ததே நீங்கள்தான். நாற்பது ஆண்டு கழித்து, உலகமே பார்த்த ஒரு தொலைக்காட்சித் தொடரில், நோனா ஆண்களோடு ஆடியதே இல்லை என்று ஒரு வசனம் வந்தது. அந்தக் கதை நடக்கும் 1968க்குள்ளேயே அவர் ஐம்பதுக்கும் மேற்பட்ட ஆண் வீரர்களோடு ஆடியிருந்தார். 2021இல், 80 வயதில், அவரே வழக்குப் போட வேண்டி வந்தது. 2022இல் சமரசத்தில் முடிந்தது. தன் வாழ்க்கையில் நடந்தது நடந்ததுதான் என்று நிறுவ ஒரு உலக சாம்பியன் அந்த வயதில் நீதிமன்றப் படி ஏறியிருக்க வேண்டாம். தெளிவான, எல்லோரும் எடுத்துப் பார்க்கக்கூடிய வாழ்க்கைப் பதிவு உங்களிடம் இருந்திருந்தால் வசனம் எழுதியவர்களுக்கும் சரிபார்க்க ஒரு இடம் இருந்திருக்கும்.

வீரர் தானே சொன்னதால் நமக்குக் கிடைத்த ஒன்றையும் சொல்கிறேன். 1939இல் பியூனஸ் அயர்ஸில் ஒலிம்பியாட் நடந்துகொண்டிருக்கும்போதே போர் வெடித்தது. போலந்து அணியில் ஆடிய மிகெல் நய்டார்ஃப் ஊர் திரும்பாமல் அர்ஜென்டினாவிலேயே தங்கினார். அவர் குடும்பம் போலந்தில் மாட்டிக்கொண்டது. 1947இல் சாவோ பாவ்லோவில் பலகையைப் பார்க்காமலே 45 பேரோடு ஒரே நேரத்தில் ஆடினார். 39 வெற்றி, 4 டிரா, 2 தோல்வி. அது ஒரு உலக சாதனை. இவ்வளவையும் சாதனைப் பட்டியலே சொல்லிவிடும். ஆனால் அவர் ஏன் அப்படி ஆடினார்? இந்தச் செய்தி உலகப் பத்திரிகைகளில் வந்தால், குடும்பத்தில் யாராவது உயிரோடு இருந்து அதைப் படித்துத் தன்னைத் தொடர்புகொள்ள மாட்டார்களா என்ற நம்பிக்கையில் ஆடினார். யாரும் தொடர்புகொள்ளவில்லை. இனப்படுகொலையில் எல்லோரும் கொல்லப்பட்டிருந்தார்கள். இது தெரிந்த பிறகு 39 வெற்றி என்ற எண்ணை முன்பு போலப் படிக்க என்னால் முடியவில்லை.

யூரி அவெர்பாக் 2022 மே மாதம் தன் நூறாவது வயதில் காலமானார். நூறு வயதைத் தொட்ட முதல் கிராண்ட்மாஸ்டர். உலக சாம்பியனோடு மோதப் போகிறவரைத் தேர்ந்தெடுக்க 1953இல் சூரிச்சில் நடந்த கேண்டிடேட்ஸ் போட்டியில் ஆடிய 15 பேரில் கடைசியாக மிஞ்சியிருந்தவர் அவர். சதுரங்கப் படிப்பில் அந்தப் போட்டிக்கு இருக்கும் இடம் உங்களுக்குத் தெரியும். இனி அதைப் பற்றி நேரில் இருந்து சொல்ல யாருமில்லை. அவெர்பாக் தன் நினைவுகளை எழுதி வைத்துவிட்டுப் போனார். எல்லோரும் எழுத மாட்டார்கள், எல்லோருக்கும் எழுதவும் வராது. அதனால்தான் நீங்கள் போய்க் கேட்க வேண்டும் என்கிறேன்.

இந்தப் பதிவு வெறும் புகழ்மாலையாக இருக்கக் கூடாது. அப்படி இருந்தால் வேண்டவே வேண்டாம். அலெகைன் 1946இல் போர்ச்சுகலில் எஸ்டோரில் விடுதி அறையில், உலக சாம்பியனாகவே, தனியாக இறந்து கிடந்தார். போர்க்காலத்தில் அவர் பெயரில் யூத வெறுப்புக் கட்டுரைகள் வெளியாகின. தான் எழுதவில்லை என்று அவர் மறுத்தார். இரண்டையும் எழுத வேண்டும். ஃபிஷரின் பிற்காலப் பேச்சுகளில் இருந்த வெறுப்பை மறைக்கக் கூடாது. அதே ஃபிஷர் 1962இல் குராசாவில், போட்டியின் நடுவே சிறுநீரகக் கோளாறால் மருத்துவமனையில் படுத்த முன்னாள் உலக சாம்பியன் தாலைப் போய்ப் பார்த்து, படுக்கையருகே உட்கார்ந்து சதுரங்கம் ஆடினார். அதையும் விட்டுவிடக் கூடாது. தாலும் அப்படித்தான் கடைசி வரை இருந்தார். 1992இல், இறப்பதற்கு ஒரு மாதம் முன்பு, மருத்துவமனையிலிருந்து கிளம்பி வந்து மாஸ்கோவில் நடந்த பிளிட்ஸ் என்ற அதிவேக ஆட்டப் போட்டியில் அன்றைய உலக சாம்பியன் காஸ்பரோவை வென்றார்!

உங்களையே சங்கடப்படுத்தும் கதைகளும் பதிவாக வேண்டும். 1985 பிப்ரவரியில் கார்போவ் - காஸ்பரோவ் உலக சாம்பியன் போட்டியை, 48 ஆட்டங்கள் முடிந்து வெற்றிக் கணக்கு 5 - 3 என்று இருந்தபோது, அன்றைய ஃபிடே தலைவர் கம்போமானெஸ் நடுவிலேயே நிறுத்தினார். ஏன், யாருக்காக என்று இன்றுவரை சண்டை ஓயவில்லை. இருவரையும் தனித்தனியே உட்கார வைத்து, குறுக்கிடாமல் கேட்டுப் பதிவு செய்யுங்கள். இந்த மாதிரி விஷயங்கள் இருப்பதால் இந்த வேலையை உங்கள் அலுவலர்களிடம் விட வேண்டாம். பணம் உங்களுடையதாக இருக்கட்டும், எதைக் கேட்பது, எதை வெளியிடுவது என்ற முடிவு சதுரங்க வரலாற்று ஆய்வாளர்களிடம் இருக்கட்டும்.

நடைமுறையில் சில விஷயங்களை மட்டும் சொல்லிவிடுகிறேன். பேட்டி அவரவர் தாய்மொழியில் நடக்கட்டும், மொழிபெயர்ப்பு பிறகு வரலாம். நினைவு அப்போதுதான் தடையில்லாமல் வரும். நோயைப் பற்றிய செய்தி அவர் சம்மதித்தால் மட்டுமே வெளியே போகட்டும். இறந்தவர்களின் குடும்பத்தினர் கடிதங்களையும் படங்களையும் கொண்டுவந்து சேர்க்க, தவறுகளைத் திருத்தச் சொல்ல, ஒரு வழி வையுங்கள். சுல்தான் கானின் குடும்பத்துக்கு அப்படி ஒரு வழி இருந்ததில்லை. உலக சாம்பியன்களோடு நிறுத்திவிட வேண்டாம். ஒரு நாட்டின் முதல் சர்வதேச மாஸ்டர், பட்டம் எதுவும் இல்லாமல் நாற்பது ஆண்டு நடுவராக இருந்தவர், போட்டிக்குப் போகக் கப்பல் கட்டணம் இல்லாமல் வீட்டிலேயே இருந்துவிட்டவர், எல்லோரும் அதில் வர வேண்டும்.

இதற்கு ஆகும் செலவு ஒரு பெரிய போட்டியின் பரிசுத் தொகையில் சிறு பகுதியைத் தாண்டாது என்றே நினைக்கிறேன். உங்கள் தலைவர் நாற்காலியிலேயே 1970 முதல் 1978 வரை மாக்ஸ் ஊவே உட்கார்ந்திருந்தார். கணித ஆசிரியர் வேலை பார்த்துக்கொண்டே 1935இல் அலெகைனை வென்றவர். 1937இல் மறு ஆட்டத்துக்கு மறுப்பே சொல்லாமல் உட்கார்ந்து பட்டத்தைத் திருப்பிக் கொடுத்தவர். வீரரின் வாழ்க்கை உங்கள் அமைப்புக்கு அந்நியமான விஷயம் இல்லை.

1941இல் பிறந்த நோனாவிடமிருந்து தொடங்குங்கள். ஜார்ஜிய மொழியில் கேளுங்கள். அடுத்த ஒலிம்பியாட் வரை காத்திருக்க வேண்டாம்.

அன்புடன்,
ஒரு சதுரங்க ரசிகர்